நீலாயதாட்சி மேல் விழுந்த செருப்புகள்

முதல் செருப்பு விழுந்தது ஒரு ஞாயிற்றுக்கிழமை சாயங்காலம், டி.வி.யில் தமிழ்ப் படம் ஓடிக்கொண்டிருந்த நேரத்தில். எங்கள் சௌபாக்கியா காலனியின் மூன்றாவது மாடி நடையில் நின்று காய்ந்த துணியை மடித்துக்கொண்டிருந்த நீலாயதாட்சி அம்மாளின் முகத்துக்கு நேரே, ஓர் ஆள் உயரத்துக்குக் கொஞ்சம் மேலே, வெறும் காற்றிலிருந்து பிதுங்கி வெளியே வந்து, ரொம்பத் தூரம் பயணம் செய்த களைப்போடு அவள் காலடியில் தொப்பென்று விழுந்தது. ஆண்பிள்ளைச் செருப்பு, இடது கால், கட்டைவிரல் பதிந்த இடம் கறுத்துப் பள்ளமாகி, வாரில் யாருடையதோ பழைய வியர்வை உப்பாகப் பூத்திருந்தது. எதிர் வீட்டுக்காரியான நான் என் வாசலில் நின்று இதைப் பார்த்தேன். நகத்துக்கடியில் அழுக்கு இருந்தால் ஸ்கேலைத் திருப்பி விரல் முட்டியில் போடுகிற கன்னியாஸ்திரீகளிடம் படித்தவள் நான். செருப்பு எங்கிருந்து வந்தது என்று யோசிப்பதற்கு முன்னாலேயே எனக்குக் குமட்டிவிட்டது.

நீலாயதாட்சி யாரென்று தெரியாது என்று சொல்லாதீர்கள். பெயர் தெரிந்திருக்காது, அவ்வளவுதான். படம் தொடங்கி எழுத்துப் போடும்போது 'மற்றும் பலர்' என்பதற்கு ஒரு வரி மேலே கிடக்கும் பெயரை யார் படிக்கிறார்கள்? முகத்தைக் காட்டினால் உங்கள் கை தானாக முறுக்கிக்கொள்ளும். மருமகள் கையில் கொதிக்கிற கஞ்சியை ஊற்றியவள், நிறைமாதக் கர்ப்பிணியை மழையில் வெளியே தள்ளித் தாழ்ப்பாள் போட்டவள், பாயசத்தில் விஷத்தைக் கலந்துவிட்டு அதே கரண்டியால் சாமிக்கு நைவேத்தியமும் எடுத்து வைத்தவள், எல்லாம் அவள்தான். கறுப்பு வெள்ளைக் காலம் முழுவதும் தமிழ்நாட்டுக்கு மாமியாராக இருந்துவிட்டு, வண்ணப் படம் வந்ததும் வேலையில்லாமல் போய், எங்கள் காலனியில் வாடகைக்கு வந்து, தனியாகப் பொங்கித் தின்றுகொண்டிருந்தாள். வீட்டின் சொந்தக்காரர் மஸ்கட்டில் இருந்தார்.

"யாரும்மா எறிஞ்சது?" என்று கேட்டேன்.

அவள் குனிந்து செருப்பை எடுத்தாள், வெறுங்கையால். திருப்பி அடியைப் பார்த்தாள், வாரை இழுத்துப் பார்த்தாள், பிறகு எதிர்பார்த்த பார்சல் வந்து சேர்ந்த மாதிரி தலையை ஆட்டினாள்.

"பட்டணத்துச் செருப்பு. முதல் நாள், தரை டிக்கெட்."

"என்ன தரை டிக்கெட்?"

"கீழ என்ன ஓடுதுன்னு காதைக் குடுத்துக் கேளு."

கீழே காலனி செக்ரட்டரி வீட்டு டி.வி.யில், பாதி வயதுக் குரலில், அவளேதான் கத்திக்கொண்டிருந்தாள். "அடியே, இந்த வீட்டுக் கஞ்சிக்கே உனக்கு வாய் நீளுதா? இந்தா, கையை நீட்டு!"

"கஞ்சி ஊத்துற இடம்," என்றாள் நீலாயதாட்சி. "இந்த இடத்துலதான் எறிவாங்க. அப்ப எறிஞ்சது, பாவம், இப்பத்தான் வந்து சேர்ந்திருக்கு."

அவள் சொல்லி முடிப்பதற்குள் இன்னொன்று வந்தது, அப்புறம் மூன்று சேர்ந்தாற்போல, அப்புறம் எண்ண முடியாத அளவுக்கு. எதுவும் அவளுக்கு வலிக்கவில்லை. வருஷக்கணக்கில் காற்றில் வந்ததால் வேகமெல்லாம் எங்கோ உதிர்ந்துபோய், தோளில் பட்டு, முந்தானையில் சரிந்து, தரையில் குவிந்தன. அவள் நடுவில் நின்று துணியை மடித்து முடித்தாள்.

அதன் பிறகு நின்றதா என்றால் நிற்கவில்லை. அந்தப் படம் அந்தக் காலத்தில் எந்த வரிசையில் ஊர் ஊராகப் போனதோ அதே வரிசையில் செருப்பும் வந்தது. முதலில் பட்டணத்துச் செருப்பு, பளபளப்பும் அகம்பாவமுமாக. அடுத்து மதுரை, கோயம்புத்தூர், திருச்சிச் செருப்புகள். அப்புறம் தாலுகா ஊர்களின் தடித்த தோல் செருப்புகள், ஆணி தேய்ந்து சிரிக்கிறவை. ஒரே படப்பெட்டியை இரண்டு கொட்டகைக்காரர்கள் பங்கு போட்டுக்கொண்டு, இங்கே ஓடி முடிந்த சுருளை சைக்கிளில் அங்கே கொண்டு ஓடுவார்களாம். அதனால் சில நாள் ஒரு சரம் விழுந்து ஓய்ந்து, நாம் பெருக்கி முடித்துக் கையைக் கழுவிய பிறகு, அடுத்த ஊரின் சரம் விழும். "சைக்கிள்காரன் பஞ்சராகி நின்னுட்டான் போல," என்பாள் நீலாயதாட்சி, கொஞ்சம் தாமதமானால். அவள் பால் பூத்துக்குப் போனால் பால் பூத்தில் விழும், கோயிலுக்குப் போனால் கொடிமரத்தடியில் விழும், ரேஷன் வரிசையில் அவளுக்கு முன்னாலும் பின்னாலும் நிற்கிறவர்கள் குடையைப் பிடித்துக்கொண்டு நிற்பார்கள்.

எங்கள் காலனிக்காரர்கள் பயந்தது ஒரு வாரம்தான். ஒருவர் எலுமிச்சம்பழம் கட்டினார், ஒருவர் இது ஆகாய விமானத்திலிருந்து விழுகிறது என்று நிரூபிக்க மொட்டை மாடியில் பைனாகுலரோடு உட்கார்ந்து சளி பிடித்து இறங்கி வந்தார். அடுத்த வாரமே ஒருத்தி ஒரு செருப்பைக் காலில் மாட்டிப் பார்த்தாள். சரியாக இருந்தது. அவ்வளவுதான், பயம் போய்விட்டது. கோபத்தில் எறிகிறவன் ஒன்றைத்தான் எறிவான், மற்றதைப் போட்டுக்கொண்டு நொண்டி வீடு போய்ச் சேருவான். ஆகவே எதற்கும் ஜோடி கிடையாது. அதனால் என்ன? ஜோடி சேர்க்கிற வேலை தொடங்கியது. மொட்டை மாடியில் அரிசி காயப்போடுகிற இடத்தில் வலது காலெல்லாம் ஒரு பக்கம், இடது காலெல்லாம் ஒரு பக்கம் குவித்து, கல்யாணப் புடவை பார்க்கிற மாதிரி கிளறிக் கிளறி, முகர்ந்து முகர்ந்து தேர்ந்தெடுத்தார்கள். மதுரைக்காரன் இடது காலும் கும்பகோணத்துக்காரன் வலது காலுமாக ஆபீசுக்குப் போனார்கள். செருப்பைத் தொட்ட கையால் குங்குமம் எடுத்து வைத்துக்கொண்டார்கள். அதே கையால் எனக்கும் நீட்டினார்கள், நான் பின்னால் நகர்ந்தால், "இங்கிலீஷ் பள்ளிக்கூடத்துல படிச்ச கொழுப்பு," என்றார்கள். காலனி செக்ரட்டரி தணிகாசலம், துறைமுகத்தில் வேலை பார்த்து ஓய்வு பெற்றவர், பொது நடையில் விழுகிற எந்தப் பொருளும் பொதுச் சொத்து என்று பலகையில் சாக்பீஸால் எழுதிப் போட்டார். செருப்பு யார் தலையில் விழுகிறதோ அவளை யாரும் கேட்கவில்லை.

காலனிக்கே ஒரே டி.வி. அப்போது தணிகாசலம் வீட்டில்தான் இருந்தது. ஞாயிற்றுக்கிழமை ஆனால் அத்தனை பேரும் அந்தக் கூடத்தில் காலை மடக்கிக்கொண்டு, ஒருவர் முதுகில் ஒருவர் மூச்சு விட்டுக்கொண்டு உட்கார்ந்திருப்போம். நடுவில் தணிகாசலத்தின் மனைவி ரங்கநாயகி, நாற்காலியில். திரையில் மருமகள் ஆட்டுக்கல்லில் மாவரைத்து அரைத்து மயங்கி விழுவாள். ரங்கநாயகி முந்தானையால் மூக்கைச் சிந்துவாள். அவள் மருமகள் வசுமதி, ஆரணியிலிருந்து வாழவந்த பெண், அதே நேரம் உள்ளே நிஜமான ஆட்டுக்கல்லில் எங்கள் அத்தனை பேருக்கும் வடைக்கு அரைத்துக்கொண்டிருப்பாள். படம் பார்க்க அவளுக்கு அனுமதி கிடையாது. ஒரு நாள் திரையில் அந்தக் கதாநாயகி விம்மி விம்மித் தன் அம்மாவை நினைத்து அழுகிற கட்டத்தில் ரங்கநாயகி உள்பக்கம் திரும்பிக் கத்தினாள்: "ஏய், கொஞ்சம் நிறுத்தி அரைடி! பாவம், அந்தப் பொண்ணு அழறது கேக்கவே மாட்டேங்குது!"

ஆட்டுக்கல் நின்றது. கூடத்தில் யாருக்கும் சிரிப்புக்கூட வரவில்லை. உச்சுக் கொட்டிக்கொண்டு படத்தைப் பார்த்தார்கள். வசுமதியின் முழங்கைக்கு மேலே தோசைத்திருப்பியின் அகலத்தில் ஒரு தழும்பு உண்டு; வடைத் தட்டை நீட்டும்போது அது எல்லார் மூக்குக்கும் நேரேதான் வரும். வடை நன்றாயிருக்கிறது என்று சொல்லிவிட்டு எடுத்துக்கொள்வார்கள்.

நான் நீலாயதாட்சி வீட்டுக்குப் போக ஆரம்பித்தது பினாயில் கொடுக்கத்தான். போனால் காப்பி கொடுப்பாள், பேச்சுக் கொடுப்பாள். நடுவில் ஒரு செருப்பு வந்து விழும், காலால் ஒதுக்கிவிட்டுப் பேசுவாள். நாகப்பட்டினத்தில் நாடகக் கம்பெனியில் பாடிக்கொண்டிருந்தவளை, கதாநாயகியின் தோழி வேஷம் என்று சொல்லித்தான் கோடம்பாக்கத்துக்குக் கூட்டி வந்தார்களாம். டைரக்டர் விளக்கு வெளிச்சத்தில் அவள் முகத்தைத் திருப்பித் திருப்பிப் பார்த்துவிட்டு, இந்தப் புருவத்தை வைத்துக்கொண்டு தோழியாவது, தலையில் வெள்ளையை அடி என்றாராம். அப்போது அவளுக்கு இருபத்தேழு வயது. நாற்பத்தைந்து வயதுக் கதாநாயகனுக்கு அம்மா. அவன் செட்டில் அவளை 'என்னடி' என்பானாம், கேமரா ஓடியதும் 'அம்மா' என்று காலில் விழுவானாம்.

"எனக்கு இதுல வருத்தமில்லை," என்றாள் அவள். "செருப்பு விழலைன்னாத்தான் பயம். படம் வந்ததும் முதலாளி ஆள் அனுப்பிப் பாத்துட்டு வரச் சொல்லுவாரு. திரை கிழிஞ்சுதுன்னா சந்தோஷம், அடுத்த படம் எனக்குத்தான். ஒரு தடவை நல்ல அம்மாவா நடிச்சேன். ஒருத்தன் ஒரு கடலைத் தொலியைக்கூட எறியலை. ஆறு மாசம் அடுப்பு எரியலை."

"கல்யாணம்?"

"பொண்ணு பாக்க வந்தாங்க, தஞ்சாவூர்லேர்ந்து. மாப்பிள்ளையோட அம்மா என் முகத்தைப் பாத்ததும் 'இவளை மருமகளாக் கூட்டிட்டுப் போனா நான் எங்க போறது'ன்னு அழுதுட்டா. நான் இவ்வளவு மருமகளைப் படுத்தினேன், எனக்குன்னு ஒரு மாமியார் கிடைக்கலை, ஒரு மருமகளும் கிடைக்கலை." சொல்லிவிட்டுச் சிரித்தாள். அவள் சிரித்துப் படத்தில் யாரும் பார்த்ததில்லை. பல்லெல்லாம் சின்னச் சின்னதாக, பள்ளிக்கூடப் பெண் மாதிரி இருந்தது.

பட்டணமும் ஜில்லாவும் முடிந்து டென்ட் கொட்டகைகளின் முறை வந்தபோதுதான் காலனிக்கு ஞானம் பிறந்தது. டென்ட் கொட்டகையில் படம் பார்த்தவர்களில் முக்கால்வாசிப் பேர் செருப்புப் போடுகிறவர்கள் இல்லை. அவர்கள் உட்கார்ந்திருந்த மணலை வாரி எறிந்தார்கள். வாயில் இருந்ததைத் துப்பினார்கள். அதெல்லாம் வர ஆரம்பித்தது. வெற்றிலை எச்சில் சிவப்புச் சிவப்பாக நடைச் சுவரில் வழிந்தது, மணல் தண்ணீர்த் தொட்டியில் இறங்கிக் குழாயை அடைத்தது, பழைய சாணி ஒட்டிய டயர்ச் செருப்பு ஒன்று யார் வீட்டு வடாத்தின் மேலோ போய் விழுந்தது. எடுத்துப் போட்டுக்கொள்ள லாயக்கில்லாதது விழுந்ததும், விழுவது பாவம் என்று எல்லாருக்கும் ஒரே நாளில் தெரிந்துபோயிற்று. மதுரைக்காரன் செருப்பை மாட்டிக்கொண்டே வந்து, "அந்தப் பொம்பளை காலனியை விட்டுப் போகணும்," என்றார்கள். தணிகாசலம் மூன்றாவது மாடி ஏறி, நடையில் நின்றபடியே, குடையை விரித்துப் பிடித்துக்கொண்டு, மாதம் முடிவதற்குள் காலி செய்ய வேண்டும், இல்லாவிட்டால் மஸ்கட்டுக்குத் தந்தி கொடுப்பேன் என்றார்.

"எங்க போவேன், சார்?" என்றாள் நீலாயதாட்சி. அதுவரை அவள் குரல் தழுதழுத்து நான் கேட்டதில்லை. "சினிமாக்காரின்னா வீடு குடுக்க மாட்டாங்க. அதுலயும் இந்த மூஞ்சிக்கு யார் குடுப்பாங்க? இந்த வீட்டுக்கே பேரை மாத்திச் சொல்லித்தான் வந்தேன்."

"அதெல்லாம் எங்க பொறுப்பில்லைங்க."

என் வீட்டுக்காரர், "நீ தலையிடாதே," என்றார். நான் தலையிட்டேன், காலனிக் கமிட்டியிடம் போய் வாதாடினேன். தலையிட்டதால் கிடைத்தது ஒரு பரிகாரம். இரண்டாவது பிளாக்கில் இருந்த ஜோசியர் பரசுராமன் சோழியைப் போட்டுப் பார்த்து, இது மருமகள்களின் சாபம் என்றார். உண்மையாகவே மாமியாரிடம் கஷ்டப்படுகிற ஒரு மருமகளை உட்கார வைத்து, நீலாயதாட்சி அவள் காலைக் கழுவி மன்னிப்புக் கேட்டால் நின்றுவிடும், நின்றால் அவள் இங்கேயே இருக்கலாம், நிற்காவிட்டால் பெட்டியைக் கட்ட வேண்டும். கமிட்டி ஒத்துக்கொண்டது. நீலாயதாட்சியும் ஒத்துக்கொண்டாள். "கால்தானே, கழுவிட்டாப் போச்சு," என்றாள்.

வெள்ளிக்கிழமை காலை, காலனி நடுவில் வேப்பமரத்தடியில், ஒரு முக்காலி, ஒரு பித்தளைத் தாம்பாளம், ஒரு குடம் மஞ்சள் தண்ணீர். அத்தனை வீட்டுப் பெண்களும் வந்து நின்றார்கள். நீலாயதாட்சி தரையில் சம்மணமிட்டு உட்கார்ந்து காத்திருந்தாள், அவள் மேல் எங்கோ ஒரு டென்ட் கொட்டகையின் மணல் பொரபொரவென்று விழுந்துகொண்டிருந்தது.

"கஷ்டப்படற மருமக யாராவது வந்து உக்காருங்கம்மா," என்றார் பரசுராமன்.

"எங்க வீட்டுல அந்தப் பேச்சே இல்லை," என்றாள் ஒரு மாமியார். "என் பொண்ணு மாதிரித்தான் வச்சிருக்கேன்." அவள் பின்னால் நின்ற மருமகள் மண்ணைப் பார்த்தாள். "எங்க வீட்டுல நான்தான் கஷ்டப்படறேன், வேணும்னா நான் உக்காரட்டுமா?" என்றாள் இன்னொருத்தி, எல்லாரும் சிரித்தார்கள். ஒவ்வொருத்தியாக, கோயில் பிரகாரத்தில் சத்தியம் செய்கிற மாதிரி நெஞ்சில் கை வைத்து, தங்கள் வீட்டில் கொடுமை என்பதே கிடையாது என்றார்கள். ரங்கநாயகி எல்லாருக்கும் மேலே போய், "இந்தக் காலனியிலயே அப்படி ஒரு பொண்ணு கிடையாது. வெளியூர்லேர்ந்துதான் கூட்டிட்டு வரணும்," என்றாள்.

என் நாக்கு சும்மா இருக்கவில்லை. "அப்ப இத்தனை வருஷமா ஆட்டுக்கல் பக்கத்துல உக்காந்து அழுதது யாரு? பேயா?" என்றேன்.

"நீ ஏம்மா பேசமாட்டே? உனக்குத்தான் மாமியார் வைத்தீஸ்வரன் கோயில்ல இருக்காங்களே," என்றாள் ஒருத்தி.

கமிட்டிக்காரர்கள் கடிகாரத்தைப் பார்த்தார்கள். கஷ்டப்படுகிற மருமகள் இல்லாததால் பரிகாரம் செய்ய வழியில்லை, பரிகாரம் இல்லாததால் அம்மாள் காலி செய்ய வேண்டியது என்று தணிகாசலம் அறிவிக்க வாயைத் திறந்தபோது, கூட்டத்தின் பின்னாலிருந்து, கையில் ஒட்டியிருந்த மாவைப் புடவையில் துடைத்துக்கொண்டு, வசுமதி வந்தாள். யாரையும் பார்க்கவில்லை. நேரே நடந்து வந்து முக்காலியில் உட்கார்ந்து இரண்டு காலையும் தாம்பாளத்தில் வைத்தாள்.

ரங்கநாயகியின் முகம் போன போக்கை நான் வர்ணிக்கப்போவதில்லை. வாய் நிறையப் புளிக்குழம்பை வைத்துக்கொண்டு பெரிய மனிதர்கள் நடுவில் உட்கார்ந்திருக்கிறவளை நினைத்துக்கொள்ளுங்கள். அவள் மகன் ஏகாம்பரம், தோளில் துண்டோடு, கூட்டத்தின் ஓரத்துக்கு நகர்ந்து வேப்பமரத்தை ஆராய ஆரம்பித்தான்.

நீலாயதாட்சி அந்தக் காலைப் பார்த்தாள். குதிகால் வெடித்து, வெடிப்பில் கரி ஏறி, கெண்டைச் சதையில் புதிதாக ஒரு கொப்புளம். அவள் சொம்பில் தண்ணீர் மொண்டு மெதுவாக ஊற்றினாள். "என்னை மன்னிச்சிடும்மா," என்றாள். "நீங்க எனக்கு ஒண்ணும் பண்ணலீங்களே," என்றாள் வசுமதி, சின்னக் குரலில். "பரவால்லை, சொல்லிக்கறேன்," என்றாள் இவள்.

எல்லாரும் அண்ணாந்து காற்றைப் பார்த்தார்கள். ஒரு நிமிஷம் ஒன்றும் இல்லை. பிறகு ஒரு டயர்ச் செருப்பு, சாணியோடு, வழக்கம்போலப் பிதுங்கி வந்து, தாம்பாளத்தில் விழுந்து, மஞ்சள் தண்ணீரை எல்லார் மேலும் தெறிக்க விட்டது. அதன் பின்னால் எச்சில்.

"பாத்தீங்களா!" என்று ரங்கநாயகி கத்தினாள். தப்பித்துக்கொண்ட சந்தோஷத்தில் குரல் உடைந்தது. "பாத்தீங்களா! நிக்கலை! என் வீட்டுல நெசமாவே கொடுமைன்னா நின்னிருக்கணுமே! இவ பொய் சொல்லிட்டு வந்து உக்காந்திருக்கா!"

நான் இந்த இடத்தில் யாராவது காறித் துப்புவார்கள் என்று எதிர்பார்த்தேன். தலையை ஆட்டினார்கள். படித்தவர்கள், பேங்கில் வேலை பார்க்கிறவர்கள், தினம் இரண்டு பேப்பர் வாங்குகிறவர்கள், அத்தனை பேரும், அதுவும் சரிதான் என்று தலையை ஆட்டினார்கள். பரசுராமன், சாஸ்திரப்படி இந்தப் பெண்ணுக்குக் கஷ்டமில்லை என்றே ஏற்படுகிறது என்றார். மற்ற மாமியார்களின் முகத்தில் ஒரு குளிர்ச்சி பரவியது. கொடுமை இல்லை என்பது ரங்கநாயகி வீட்டுக்கு மட்டுமா, அந்த மஞ்சள் தண்ணீரில் எல்லா வீடும் கழுவப்பட்டுச் சுத்தமாகிவிட்டது. மாரல் சயன்ஸ் வகுப்பில் நரகத்தைப் பற்றி எங்களுக்கு நிறையச் சொல்லிக் கொடுத்தார்கள். தீ, புழு, கந்தகம் என்று. தலையாட்டுவதைப் பற்றி ஒரு வார்த்தை சொல்லவில்லை.

"உள்ள வாடி," என்றாள் ரங்கநாயகி. "வா, உன்னை வச்சுக்கறேன்."

வசுமதி எழுந்திருக்கப் பார்த்தாள். முடியவில்லை. நீலாயதாட்சி அவள் கணுக்காலைப் பிடித்திருந்தாள், விடவில்லை. தலை நிமிரவில்லை. தாம்பாளத்தைப் பார்த்தபடியே ஒரே ஒரு சொல் சொன்னாள்.

"ரங்கநாயகி."

அது அவள் காப்பி கொடுக்கிற குரல் இல்லை. டென்ட் கொட்டகையின் கடைசி வரிசையில் மணலில் தூங்குகிற குழந்தை விழித்துக்கொண்டு அலறுகிற குரல். கீழே, கிணற்றுக்கடியில் தொடங்கி, நிதானமாகப் படியேறி மேலே வருகிற குரல். தமிழ்நாட்டில் எந்த மாமியார் எந்த மருமகளை மிரட்டினாலும் தெரிந்தோ தெரியாமலோ கடன் வாங்கிக்கொள்கிற குரல். ரங்கநாயகியின் கை தானாக முந்தானையை இழுத்துத் தோளை மூடியது, தலை தானாகக் குனிந்தது, வாய் தானாகச் சொன்னது:

"என்னங்க அத்தை?"

"நான் பேசிட்டிருக்கும்போது குறுக்க என்னடி பேச்சு?"

"இல்லீங்க அத்தை."

"இவளோட துணிமணியை மடிச்சு மூணாவது மாடிக்குக் கொண்டாந்து வை. ஒரு ரவிக்கை குறைஞ்சுது, தெரியும் சேதி. இவ இனிமே என் மருமக."

தணிகாசலம் தொண்டையைக் கனைத்தார். "அது... அம்மா, உங்களுக்குத்தான் பிள்ளையே கிடையாதே?"

நீலாயதாட்சி இடது புருவத்தை மட்டும் தூக்கினாள். தணிகாசலம் குடையை மடக்கினார், எதற்கென்று அவருக்கே தெரியாது. "படத்துக்கு ஒண்ணுன்னு பெத்துத் தள்ளியிருக்கேன், ஒருத்தனும் உருப்படலை," என்றாள். "பிள்ளை யாருக்கு வேணும்? மருமக போதும்." பிறகு ஏகாம்பரத்தைத் திரும்பிப் பார்த்தாள். "ஏண்டா, உனக்கு ஏதாச்சும் சொல்லணுமா?" அவன் அம்மாவைப் பார்த்தான். அம்மா தரையைப் பார்த்துக்கொண்டிருந்தாள். அவன் ஒன்றும் இல்லை என்றான்.

இருவரும் மாடிப்படி ஏறிப் போனார்கள், கிழவி முன்னாலும் பெண் பின்னாலும், அவர்கள் மேல் ஏதோ ஊரின் மணல் விழுந்தபடி. மதியத்துக்குள் ரங்கநாயகி துணியைக் கொண்டுபோய் வைத்துவிட்டு வந்தாள். தான் ஏன் அப்படிச் செய்தோம் என்று புரியாமல் அன்று முழுவதும் சாப்பிடவில்லை. மஸ்கட்டுக்குத் தந்தி போகவில்லை. மேலே ஏறிப் போய்ச் சொல்லத் தணிகாசலத்துக்குக் கால் வரவில்லை, மற்றவர்களுக்கு அதைவிட நல்ல காரணம் ஒன்று கிடைத்துவிட்டது.

அந்தக் காரணத்தைச் சொல்லி முடித்துவிடுகிறேன். டி.வி. நிலையத்திலிருந்து நீலாயதாட்சியை ஒரு நாடகத்துக்குக் கூப்பிட்டிருந்தார்கள். மாமியார் வேஷம், வேறென்ன. தினம் சாயங்காலம் வசுமதி மருமகளின் வசனத்தைப் படிப்பாள், இவள் மாமியாராகத் திருப்பிச் சொல்லுவாள். எதிர் வீட்டிலிருந்து எனக்கு எல்லாம் தெரியும். ஜன்னல் வழியாகப் பார்ப்பேன்: வசுமதி கட்டிலில் சாய்ந்து, கால் இரண்டும் தலையணை மேல், நீலாயதாட்சி அரைத்துக் கொடுத்த மருதாணியோடு, வறுத்த கடலையைக் கொறித்துக்கொண்டு, "அத்தை, என்னை அடிக்காதீங்க அத்தை," என்று படிப்பாள். "அடியே, உன் தோலை உரிச்சுத் தோரணம் கட்டறேன் பாரு!" என்று இவள் காலனியே அதிரக் கத்திவிட்டு, "இந்த இடத்துல நீ ஒரு விக்கல் விக்கணும், கடலையை முழுங்கிட்டு விக்கு," என்பாள் மெதுவாக. அந்த மெதுவான பேச்சு கீழே போகாது. கத்தல்தான் போகும்.

கீழே கூட்டம் சேர ஆரம்பித்தது. டி.வி.யைக்கூட அணைத்துவிட்டு வந்தார்கள். வேப்பமரத்தடியில் பாயை விரித்து, அண்ணாந்து மூன்றாவது மாடியைப் பார்த்துக்கொண்டு உச்சுக் கொட்டினார்கள். ஆட்டுக்கல் ஓடிய அத்தனை வருஷம் யார் கண்ணிலும் வராத தண்ணீர் இப்போது எல்லார் கண்ணிலும் வந்தது. "அந்தப் பொண்ணு தங்கமான பொண்ணு," என்றாள், என் பெண் மாதிரி வைத்திருக்கிறேன் என்றவள். "என்ன பாவம் பண்ணுச்சோ, இந்த ராட்சசி கையில வந்து மாட்டிக்கிச்சு."

நேற்று ரங்கநாயகியும் வந்து உட்கார்ந்தாள். மேலே நீலாயதாட்சி, கஞ்சியைக் கொதிக்கக் கொதிக்கக் கொண்டு வரும்படி யாருக்கோ உத்தரவு போட்டாள். வசுமதி படிக்க வேண்டிய வரியில் தடுக்கி, கடலை புரையேறி, சிரிக்க ஆரம்பித்தாள். அடக்கப் பார்த்து, முடியாமல், தோள் குலுங்கக் குலுங்கச் சிரித்தாள். அந்தச் சிரிப்பு ஜன்னல் கம்பியில் இடறிக் கீழே விழும்போது எல்லார் காதிலும் விம்மலாக விழுந்தது.

"அழுவுது பாருங்க, அடி வயித்துலேர்ந்து அழுவுது!" என்று ரங்கநாயகி நெஞ்சில் அடித்துக்கொண்டு எழுந்தாள். கண்ணீர் தாரை தாரையாக ஓடியது, எல்லாம் நிஜக் கண்ணீர். "ஒரு பொம்பளைக்கு இன்னொரு பொம்பளை மேல இவ்வளவு கல் நெஞ்சா?" என்று சொல்லி, குனிந்து, காலில் இருந்ததைக் கழற்றி, மூன்றாவது மாடியைக் குறி பார்த்து, பலம் கொண்ட மட்டும் எறிந்தாள்.